உழைச்செல்வான் எங்கே?
உள மருத்துவ முன்னோடிகளைப் பற்றிய ஓர் ஆய்வு

ஜொகூர் மக்களின் பேச்சில் 'தம்போய்' என்பது வெறும் ஊர்ப்பெயராக நின்றதில்லை. 1930-களில் அங்கே மனநோய் மருத்துவமனை எழுந்தது. அதன்பின் அச்சொல்லுக்கு வேறொரு பொருளும் ஏறிவிட்டது. 'இவனைத் தம்போய்க்குத்தான் அனுப்ப வேண்டும்' என்பது ஒருவனை நோக்கிச் சொன்னால் ஏச்சு. ஒரு குடும்பத்தை நோக்கிச் சொன்னால் பழி. பேராக் மாநிலத்தில் 1911-இல் தொடங்கப்பெற்ற தஞ்சோங் ரம்புத்தான் மருத்துவமனையின் பெயருக்கும் இதே கதி நேர்ந்தது. இன்று தம்போய் மருத்துவமனை 'பெர்மாய்' என்னும் இனிய மலாய்ப் பெயரைத் தாங்கி நிற்கின்றது. எனினும், பழைய பெயரைச் சொல்லும்போது குரலைத் தாழ்த்திக்கொள்ளும் வழக்கம் முற்றும் மறைந்துவிடவில்லை.

உள மருத்துவத்தின் வரலாற்றை எழுதுவோர் வியன்னாவில் தொடங்கி லண்டன் வழியாக நியூயார்க் சென்று முடிப்பது வழக்கம். அவ்வரலாற்றில் அறிஞர் பலர் ஒளி வீசுகின்றனர். அவர்தம் நூல்களும் கொள்கைகளும் வியந்து போற்றப்படுகின்றன. ஆனால் மனம் குலைந்த மகனைக் கைப்பிடித்து அழைத்துக்கொண்டு மருத்துவமனை வாயிலில் வந்து நிற்கும் தாய்க்கு அவ்வறிஞர் செய்தது என்ன? இக்கேள்வியை உரைகல்லாகக் கொண்டு முன்னோடிகளை மதிப்பிட்டால், புகழின் வரிசை சற்றே மாறிவிடும்.

வள்ளுவர் வகுத்த நான்கு

அதற்கான அளவுகோல் தமிழரிடமே உள்ளது. திருக்குறளில் 'மருந்து' என்னும் அதிகாரத்தின் இறுதியில் வள்ளுவர் மருத்துவத்தை நான்கு உறுப்புகளாக வகுக்கின்றார். நோயுற்றவன் ஒருவன், அதனைத் தீர்க்கும் மருத்துவன் ஒருவன், மருந்து ஒன்று, நான்காவதாக, நோயாளியின் அருகிருந்து பணி செய்பவன். அவனையே உழைச்செல்வான் என்றார். பரிமேலழகர் இந்நான்காமவனுக்கு உரிய இலக்கணங்களைக் கூறும்போது, நோயாளனிடத்து அன்பையும், தூய்மையையும், சொன்னதைச் சொன்னவாறு செய்யும் திறத்தையும், அறிவையும் எண்ணிக் காட்டுகின்றார். அன்பு மட்டும் போதாது, அறிவும் வேண்டும் என்ற அக்குறிப்பு பின்னர்ப் பயன்படும்.

உடல் நோய்க்குச் சொன்ன இப்பகுப்பு உள்ள நோய்க்கு இன்னும் நன்றாகப் பொருந்துகின்றது. காலில் முறிவுற்றவன் தன் நோயைத் தானே சொல்வான். மருந்தைத் தானே உண்பான். மனம் முறிந்தவனுக்கோ, நோய் வந்ததென்று முதலில் அறிவிப்பதும், மருந்தைக் கையில் கொடுப்பதும், நள்ளிரவில் எழுந்து கதவருகே காத்திருப்பதும் பெரும்பாலும் உடனிருப்பவரே. இந்நான்காமவருக்கு முன்னோடிகள் எந்த இடம் அளித்தனர் என்பதே இவ்வாய்வின் பொருள்.

சங்கிலியை அவிழ்த்தவர் யார்?

புதிய உள மருத்துவத்தின் தொடக்கமாகப் பாரிஸ் நகரின் பிலிப் பினெல் கூறப்படுகின்றார். மனநோயாளரைப் பிணித்திருந்த சங்கிலிகளை அவர் அறுத்தெறிவதாகத் தீட்டப்பட்ட ஓவியம் உலகப் புகழ் பெற்றது. அவ்வோவியம் தீட்டப்பட்டது 1876-இல். பினெல் மறைந்து ஐம்பது ஆண்டுகளுக்குப் பின்னர். ஆவணங்களோ வேறொருவரைக் காட்டுகின்றன. பிசேத்ர் மருத்துவமனையில் 1797-இல் சங்கிலிகளை நீக்கியவர் ழான் பத்தீஸ்த் புஸ்ஸென் என்னும் மேற்பார்வையாளர். இவர் மருத்துவப் பட்டம் பெற்றவர் அல்லர். கழுத்துக் கழலை நோயோடு அம்மருத்துவமனைக்கே நோயாளியாக வந்து, குணமடைந்து, அங்கேயே பணியாளராக அமர்ந்தவர். இவரும் இவருடைய மனைவியும் நோயாளரோடு நாள்தோறும் பழகி, எவரிடம் எவ்வாறு பேசினால் சீற்றம் தணியும் என்பதைக் கண்டறிந்தனர். பினெல் இவரிடம் கற்றதை மறைக்கவில்லை. தம் நூலில் போற்றியே எழுதினார். ஆனால் பின்வந்த புகழுரைகள் மருத்துவனை வைத்துக்கொண்டு உழைச்செல்வானை விட்டுவிட்டன.

உரையே மருந்தானது

அடுத்த பெரும் படி வியன்னாவில் நிகழ்ந்தது. 1880-ஆம் ஆண்டு, செல்வக் குடும்பத்தைச் சேர்ந்த பெர்த்தா பாப்பன்ஹைம் என்னும் 21 வயது மங்கை, நோய்வாய்ப்பட்ட தன் தந்தைக்கு இரவெல்லாம் கண்விழித்துப் பணிவிடை செய்து வந்தாள். அப்பணியின் நடுவே அவளே நோயுற்றாள். கை மரத்தது, பாம்புகள் தோன்றுவதாகக் கண்டாள், ஒரு கட்டத்தில் தாய்மொழியான ஜெர்மனை மறந்து ஆங்கிலத்தில் மட்டுமே பேசினாள். டாக்டர் யோசப் பிராயர் மாலைதோறும் வந்து அவள் பேசுவதைப் பொறுமையுடன் கேட்டார். பேசப் பேச நோய்க்குறிகள் தணிந்தன. இதற்குப் 'பேச்சு மருத்துவம்' என்று பொருள்படும் ஆங்கிலப் பெயரை இட்டவள் அவளேயாவாள். 1895-இல் பிராயரும் சிக்மண்ட் பிராய்டும் சேர்ந்து வெளியிட்ட நூலில் இவள் 'அன்னா ஓ.' என்னும் புனைபெயரில் இடம்பெற்றாள்.

இந்நிகழ்ச்சியில் இரண்டு செய்திகள் கவனிக்கத்தக்கன. பேச்சு மருத்துவத்தின் முதல் நோயாளி ஓர் உழைச்செல்வாளே என்பது ஒன்று. நோயாளியின் அருகிருப்பவர் அடையும் துயரம் எத்தகையது என்பதற்கு அம்மருத்துவத்தின் முதல் ஏடே சான்று. மற்றொன்று, அவள் அம்மருத்துவத்தால் முழுதும் குணமடைந்தாள் என்ற கதை மெய்யன்று. 1882-இல் பிராயர் விலகிய பின்னரும் அவள் மருத்துவ விடுதிகளில் தங்க நேர்ந்தது. ஆண்டுகள் பல கழிந்து அவள் பிராங்க்பர்ட் நகரில் ஆதரவற்ற சிறுமியர்க்குத் தாயாக விளங்கினாள். 1904-இல் யூத மகளிர் சங்கத்தை நிறுவினாள். நோயிலிருந்து மீண்டவள் மறுபடியும் பிறர்க்கு அருகிருக்கும் பணியையே தேர்ந்துகொண்டாள்.

பிராய்டு உரையை மருந்தாக்கிய மேதை என்பதில் ஐயமில்லை. நோயாளியைச் சாய்ந்திருக்கச் செய்து, தாம் அவன் கண்ணில் படாமல் பின்னே அமர்ந்து, மனத்தில் எழுவதையெல்லாம் தடையின்றிச் சொல்லுமாறு பணித்தார். நாள் முழுதும் பிறர் தம்மை உற்று நோக்கிக்கொண்டிருப்பதைத் தம்மால் தாங்க இயலாது என்பதும் அவ்வமைப்புக்கு ஒரு காரணம் என்று அவரே வெளிப்படையாக எழுதினார். ஆனால் உறவினரைக் குறித்து அவர் கொண்ட கருத்து கடுமையானது. அறுவை மருத்துவம் நிகழும் அறையில் உறவினரெல்லாம் கூடி நின்று ஒவ்வொரு வெட்டுக்கும் கூச்சலிட்டால் என்ன ஆகும் என்று வினவி, உறவினரின் தலையீட்டை ஓர் இடையூறாகவே காட்டினார். அவருடைய அறையில் நோயாளி, மருத்துவன், மருந்து என்னும் மூன்றுக்கே இடமிருந்தது. நான்காமவர்க்குக் கதவு சாத்தப்பட்டது.

கல்கத்தா அறிஞர்

இம்முறை இந்தியாவிற்கு வந்த வரலாறு கிரீந்திரசேகர போஸ் என்பவரின் வரலாறாகும். 1887-இல் பிறந்து 1953-இல் மறைந்த இப்பெரியார் மருத்துவம் பயின்றவர்; இளமையில் அறிதுயில் வித்தையிலும் மாய வித்தையிலும் நாட்டம் கொண்டவர்; கல்கத்தாப் பல்கலைக்கழகத்தில் உளவியல் பயின்று 1921-இல் முனைவர் பட்டம் பெற்றவர். அடக்கி வைத்த விருப்பங்களைப் பற்றிய அவருடைய ஆங்கில நூல் பிராய்டின் கைக்கு எட்டியபோது, இத்துணைத் தொலைவில் இப்படியொரு முயற்சியா என்று அம்முதியவர் வியந்து கடிதம் எழுதினார். 1922-இல் போஸ் இந்திய உளப்பகுப்புக் கழகத்தை நிறுவினார். இருவரும் நேரில் சந்தித்ததே இல்லை. ஏறத்தாழப் பதினாறு ஆண்டுகள் கடிதங்களே பேசின.

போஸை 'இந்தியாவின் பிராய்டு' என்று புகழ்வோர் அவரைக் குறைத்தே மதிக்கின்றனர். அவர் நிழலாக வாழ்ந்தவர் அல்லர். எதிர் விருப்பம் என்னும் தனிக் கொள்கை ஒன்றை அவர் வகுத்தார். அடிக்க வேண்டும் என்னும் விருப்பத்தின் அடியில் அடிபட வேண்டும் என்னும் விருப்பம் மறைந்து கிடக்கின்றது. ஒன்று மேலெழுந்தால் மற்றொன்று கீழே அழுந்துகின்றது. ஏற்றப் பலகையின் இரு முனைகளைப் போல. ஆகவே அவர் நோயாளியிடம், நீ யார்மீது சினம் கொண்டாயோ அவரது இடத்தில் உன்னை வைத்துக் கற்பனை செய் என்று பணித்தார். பிராய்டோ இக்கொள்கையில் வடிவம் தெரிகின்றது, உந்தும் ஆற்றல் தெரியவில்லை என்னும் கருத்தில் ஐயம் எழுப்பினார். தம்மிடம் வந்த இந்திய நோயாளரின் மனப்போக்கு ஐரோப்பியரின் மனப்போக்கிலிருந்து சில இடங்களில் வேறுபடுகின்றது என்று போஸ் எடுத்துக் காட்டத் தயங்கவில்லை. குருவை வணங்கிக்கொண்டே மறுக்கும் துணிவு அவரிடம் இருந்தது.

1931-இல் பிராய்டின் 75-ஆம் பிறந்த நாளுக்குக் கல்கத்தாக் கழகத்தார் தந்தத்தில் செதுக்கிய திருமால் சிலை ஒன்றை அனுப்பினர். பிராய்டு நன்றி கூறி எழுதிய மடலில், அயல் நாடுகளில் உளப்பகுப்பு அடைந்த வெற்றியை அச்சிலை தமக்கு நினைவூட்டும் என்னும் கருத்து வந்தது. ஒரு தோழமைப் பரிசு, வென்ற நாட்டின் திறைப்பொருள்போல் கருதப்பட்டது. அக்கழகத்தின் தொடக்க உறுப்பினருள் ஒருவரான ராஞ்சியின் பெர்க்லி-ஹில் என்னும் ஆங்கிலேய மருத்துவர், இந்துக்களின் சமயமும் குணமும் குழந்தைப் பருவத்து இழிந்த உந்துதல் ஒன்றின் விளைவே என்று 1921-இல் கட்டுரை வரைந்தார். நோயாளியின் உள்ளத்தைத் திறக்கச் செய்த சாவி, ஆளப்படும் மக்களை இழித்துரைக்கும் கருவியாகவும் மாறக்கூடும் என்பதற்கு இதனினும் வேறு சான்று வேண்டா.

போஸின் முறைக்கும் ஒரு குறை உண்டு. எண்ணத்தை எண்ணத்தால் ஆராயவல்ல படித்த கல்கத்தா மக்களுக்கு அது பொருந்திற்று. மாதக்கணக்கில் வந்து அமர நேரமும் பொருளும் இல்லாத ஏழைக்கு அது எட்டவில்லை. இதனை அவரும் உணர்ந்திருந்தார் போலும். 1933-இல் கல்கத்தாக் கார்மைக்கேல் மருத்துவக் கல்லூரியில் பொது மருத்துவமனையோடு சேர்ந்த உள மருத்துவப் பிரிவைத் தொடங்கினார். 1940-இல் தமையனார் ராஜசேகர போஸ் அளித்த நிலத்தில் லும்பினி பார்க் மருத்துவமனை எழுந்தது. எனினும் அவருடைய கொள்கையிலேயே அடுத்த படிக்கு வித்து இருந்தது. நோயாளியின் கற்பனையில் அவர் மற்றொருவரை அழைத்து வந்தார். அம்மற்றொருவரை மெய்யாகவே மருத்துவமனைக்குள் அழைத்து வந்தவர் வேறொருவர்.

அமிர்தசரஸ் கூடாரங்கள்

1947-இல் பஞ்சாப் இரண்டாகப் பிளந்தது. லாகூரில் இருந்த இந்து, சீக்கிய மனநோயாளர் 1950-இல் எல்லை கடந்து அமிர்தசரஸுக்கு மாற்றப்பட்டனர். இதனையே பின்புலமாக வைத்து சாதத் ஹசன் மண்ட்டோ எழுதிய சிறுகதையை உலகம் அறியும். அவ்வமிர்தசரஸ் மருத்துவமனைக்குக் கண்காணிப்பாளராக வந்தவர் டாக்டர் வித்யாசாகர். இடமோ குறைவு, நோயாளரோ மிகுதி, பணியாளரோ சிலர். 1950-களில் அவர் ஓர் எளிய செயலைச் செய்தார். மருத்துவமனை வளாகத்தில் கூடாரங்களை அடித்து, நோயாளரோடு அவர்தம் உறவினரும் வந்து தங்குமாறு செய்தார். தாய் சமைத்துக் கொடுத்தாள், தமையன் குளிப்பாட்டினான், மருத்துவர் அனைவரையும் ஒன்றாக அமர்த்தி, அவர்கள் அறிந்த கதைகளாலும் அவர்கள் மொழியாலும் நோயை விளக்கினார்.

விளைவு வியக்கத்தக்கது. தன்னைக் கைவிட்டனர் என்ற நோயாளியின் கசப்பு நீங்கிற்று. இது தீராத சாபம் என்ற உறவினரின் அச்சமும் நீங்கிற்று. சில வாரங்களில் ஊர் திரும்பிய குடும்பங்கள், மனநோய் தீரும் என்ற செய்தியைத் தம் சிற்றூர்களுக்கு எடுத்துச் சென்றன. 1957-இல் வேலூர்க் கிறித்தவ மருத்துவக் கல்லூரியின் மனநல மையமும் குடும்பத்தாரை உடன் தங்கவைக்கும் முறையை மேற்கொண்டது. பரிமேலழகர் எண்ணிய இலக்கணங்களுள் அன்பு அக்குடும்பங்களிடம் முன்பே இருந்தது. வித்யாசாகர் அதனோடு அறிவைச் சேர்த்தார். அவர் பெரிய நூல் எதனையும் விட்டுச் செல்லாததால், உலக வரலாறுகளில் அவர் பெயர் அருகியே காணப்படுகின்றது.

இதே காலத்தில் மேலை முறையை அவ்வாறே எடுத்தாள்வது தகுமா என்ற ஆராய்ச்சியும் எழுந்தது. 1964-இல் சூர்யா, ஜெயராம் ஆகிய இருவரும் இந்தியச் சூழலில் உள மருத்துவம் எவ்வாறு அமைதல் வேண்டும் என்று எழுதினர். 1973-இல் நேக்கி என்பார், மருத்துவனுக்கும் நோயாளிக்கும் உள்ள உறவைக் குரு-சீடர் உறவின் ஒளியில் நோக்கினார். நேக்கியின் கருத்து சிந்தனைக்கு விருந்தெனினும், குருவின் சொல் மறுக்கப்படாத இடத்தில் சீடனின் குறை வெளிவருமா என்னும் ஐயத்தை அது தீர்க்கவில்லை.

மறுப்பும் விடையும்

உறவினரைப் பற்றிப் பிராய்டு எழுப்பிய தடையை எளிதில் தள்ளிவிட முடியாது. நோய்க்கு வித்திட்டவரே அருகில் அமர்ந்திருந்தால் நோயாளி எதனைச் சொல்வான்? மாமியார் முன்னிலையில் மருமகள் வாய் திறப்பாளா? லண்டனில் ஜார்ஜ் பிரௌன் முதலானோர் செய்த ஆய்வுகள், ஓயாமல் குறைகூறும் இல்லத்திற்குத் திரும்பிய நோயாளர் மீண்டும் விரைவில் நோயுறுகின்றனர் என்று காட்டின. 1967-இன் இறுதியில் சிங்கப்பூரில் பரவிய 'கோரோ' அச்சமும் இதற்குச் சான்றாகும். பன்றி இறைச்சியால் ஆண்குறி உட்சுருங்கி உயிர் போகும் என்ற வதந்தியால் 400-க்கும் மேற்பட்டோர் மருத்துவரை நாடினர். அவர்களை இழுத்துக்கொண்டு ஓடிய உறவினரின் பதற்றம் அச்சத்தை வளர்த்ததே அன்றிக் குறைக்கவில்லை. மருத்துவர்கள் செய்தித்தாளிலும் தொலைக்காட்சியிலும் உண்மையை விளக்கிய பின்னரே அலை அடங்கிற்று. ஒரு நகருக்கே அளிக்கப்பட்ட உரை மருந்து அது.

மருந்தின் பங்கையும் மறுத்தல் ஆகாது. 1949-இல் லித்தியத்தின் பயனைக் கண்டவர் ஆஸ்திரேலிய மருத்துவர் ஜான் கேட். அவர் போர்க்காலத்தில் சாங்கிச் சிறையில் ஆண்டுகள் மூன்றுக்கு மேல் கைதியாகக் கிடந்தவர். 1952-இல் பாரிஸில் குளோர்ப்புரோமசின் பயன்பாட்டிற்கு வந்தது. இவ்விரண்டும் உரையால் மட்டும் தீராத நோய்களைத் தணித்தன.

எனினும் இவை யாவும் உழைச்செல்வானை விலக்குதற்குக் காரணங்கள் ஆகா. அவனுக்கு அறிவு புகட்ட வேண்டும் என்பதற்கே காரணங்கள். மருமகளிடம் தனியே கேட்க வேண்டியதைத் தனியே கேட்கலாம். மாமியாரிடம் சொல்ல வேண்டியதை அவரிடம் சொல்லலாம். உழைச்செல்வான் அறவே இல்லாவிடின் என்ன நேரும் என்பதை இராமநாதபுரம் மாவட்டத்து ஏர்வாடி காட்டியது. 2001 ஆகஸ்டு 6-ஆம் நாள் விடியற்காலையில் அங்கே தனியார் காப்பகம் ஒன்றின் கூரைக் கொட்டகை தீப்பற்றியது. சங்கிலியால் பிணிக்கப்பட்டிருந்த மனநோயாளர் 28 பேர் மாண்டனர். புஸ்ஸென் சங்கிலியை நீக்கி 204 ஆண்டுகள் கழிந்திருந்தன. உறவினர் பணம் கட்டி விட்டுச் சென்ற இடம் அது, உடனிருக்க எவருமில்லை.

ஜொகூருக்கு உரிய பாடம்

குளுவாங், சிகாமட், கூலாய் வட்டாரங்களின் ரப்பர்த் தோட்டங்களில் வாழ்ந்த தமிழர்க்கு உள்ளம் நொந்தபோது வழி இரண்டே. ஒன்று, கோயில் பூசாரியும் கோடாங்கியும். மற்றொன்று, தோட்டத்து டிரெஸர் எழுதிக் கொடுக்கும் சீட்டோடு தொலைவிலுள்ள மருத்துவமனை. கோடாங்கியின் முறையில் தீங்கு உண்டு. வேப்பிலை அடியும் மிளகாய்ப் புகையும் மருத்துவம் ஆகா. அதனால் வீணான நாள்களும் பல. ஆயினும் அங்கே ஒரு நன்மையும் இருந்தது. கேள்வி தமிழில் எழுந்தது. குடும்பம் சுற்றி அமர்ந்திருந்தது. ஆண்டுக்கணக்கில் வாய் திறவாத பெண், பேயின் பெயரால் தன் குறையை எல்லார் முன்னும் சொல்லித் தீர்த்தாள். உரையும் உழைச்செல்வாரும் அங்கே இருந்தனர். அறிவுடைய மருத்துவன் மட்டுமே இல்லை.

மருத்துவமனையிலோ அறிவு இருந்தது. ஆனால் நாட்கூலி பெறும் தாய் ஒருநாள் வேலையை இழந்து பேருந்தில் வந்து எத்தனை முறை உடன் இருக்க இயலும்? 'நெஞ்சை அடைக்கிறது', 'வயிறு எரிகிறது' என்று ஒரு தமிழ்ப் பெண் சொன்னால், அது மொழிபெயர்ப்பில் இதய நோயாகவும் குடல் நோயாகவும் மாறிவிடக் கூடும். வயிற்றெரிச்சல் என்பது பெற்ற மகனால் வந்த துயரம் என்பதைத் தமிழறிந்த செவியே உணரும்.

காலம் மாறிவிட்டது. தோட்டங்கள் பல மறைந்து செம்பனைக் காடுகளாகவும் வீட்டுமனைகளாகவும் ஆயின. மலேசியாவில் 1952-ஆம் ஆண்டுச் சட்டத்தின் இடத்தில் 2001-இல் மனநலச் சட்டம் இயற்றப்பட்டு 2010-இல் நடைமுறைக்கு வந்தது. சமூக மனநல மையங்கள் ஊர்களுக்குள் தோன்றியுள்ளன. சென்னையில் கீழ்ப்பாக்கம் மனநோய் மருத்துவமனையை 1961 முதல் 1978 வரை நடத்திய டாக்டர் சாரதா மேனன், 1984-இல் சீசோபிரினியா ஆராய்ச்சி நிறுவனத்தைத் தொடங்கி, மருத்துவமனைக்கு வெளியே நோயாளரின் வாழ்வையும் குடும்பத்தையும் மருத்துவத்தின் பகுதியாக ஆக்கிக் காட்டினார். பாதை இருக்கின்றது என்பதற்கு இவை சான்றுகள்.

முன்னோடிகளின் வாழ்வைப் படிப்போர் வியன்னாவின் சாய்மஞ்சத்தை நினைவில் வைப்பது தவறன்று. அமிர்தசரஸின் கூடாரத்தையும் அதனருகே வைத்து எண்ணல் வேண்டும். ஜொகூரில் உள்ள தமிழ்ச் சங்கங்களும் கோயில் நிருவாகங்களும் விழாக்களுக்குச் செய்யும் செலவில் சிறு பகுதியை ஒதுக்கி, மனநோயாளரின் குடும்பத்தார் மாதம் ஒருமுறை கூடிப் பேசவும், தமிழறிந்த மருத்துவர் ஒருவர் வந்து விளக்கவும் வழிசெய்தால், அது எந்த நினைவுச் சின்னத்தினும் பெரிய தொண்டாகும். தம்போய் என்னும் பெயரைக் குரல் தாழ்த்தாமல் சொல்லும் நாள் அத்தகைய கூட்டங்களிலிருந்தே தொடங்கும்.